மறுபடியும் மூன்றாவது ஆளாக நிற்க முடியுமா?

வாசகி கேள்வி:

வணக்கம் அண்ணா. எனக்கு வயது 27, சொந்த ஊர் மதுரை. விஸ்காம் முடித்துவிட்டு நாலு வருஷமாகச் சென்னையில் கேமரா அசிஸ்டன்ட். இரண்டு சீரியல், ஒரு வெப் சீரிஸ், போன வருஷம் ஒரு சின்னப் படத்தில் அசோசியேட். ஜப்பானியப் படங்களைப் பார்த்துத்தான் எனக்குக் கேமரா மேல் ஆசையே வந்தது. டோக்கியோ போய் அங்கே ஒளிப்பதிவாளர் ஆக வேண்டும். வடபழனியில் ஒரு ஏஜென்ட், 7 லட்சம் கட்டினால் மொழிப்பள்ளி விசா வாங்கித் தருகிறேன், கூடவே அங்கே ஒரு சினிமா கம்பெனியில் பகுதிநேர வேலையும் உண்டு என்கிறார். அம்மா நகையை வைக்கலாம் என்கிறார். ஆனால் "அந்த ஊர்ல பொம்பளைங்க கேமரா தூக்குவாங்களாடி?" என்று தினமும் ஒரு தடவை கேட்கிறார். நான் எடுத்ததைத் தொகுத்து ஷோரீலாக அனுப்பியிருக்கிறேன். நான் போகலாமா? போவதற்கு முன் சொந்தமாக ஒரு கேமரா வாங்கிக்கொள்ள வேண்டுமா?

பதில்:

அன்புள்ள தங்கைக்கு,

ஷோரீலை இரண்டு முறை பார்த்தேன். செல்லூர் தறிக்கூடத்தில் எடுத்த அந்த ஒன்றரை நிமிஷம் நன்றாக வந்திருக்கிறது. ஓட்டுச் சந்து வழியாக விழுகிற வெயிலை அப்படியே விட்டுவிட்டு, அந்தப் பாட்டியின் முகத்துக்கு மட்டும் வெளிச்சத்தைத் திருப்பத் தரையிலிருந்து ஒரு தெர்மோகோல் பிடித்திருக்கிறீர்கள். நூல் தூசி பறப்பது தெரிகிறது. வைகையைச் சுற்றி வரும் ட்ரோன் ஷாட்டை எடுத்துவிடுங்கள், ட்ரோன் வாடகைக்கு எடுத்த எல்லோரிடமும் அது இருக்கிறது.

கண் இருக்கிறது உங்களுக்கு. ஆனால் ஜப்பானில் கேமரா டிபார்ட்மென்டுக்குள் நுழைகிறவரிடம் முதல் சில வருஷம் யாரும் கண்ணைக் கேட்பதில்லை, காதைத்தான் கேட்கிறார்கள். இங்கே கேமராவோடு 17 வருஷம் ஓட்டியவன் என்ற முறையில் எனக்குச் சொல்லத் தெரிந்தது முக்கியமாக இதுதான்.

அதற்கு முன் ஏஜென்ட் கதையை முடித்துவிடலாம். மாணவர் விசாவில் வருகிறவர் தனி அனுமதி வாங்கினால் வாரத்துக்கு 28 மணி நேரம் வேலை பார்க்கலாம். சட்டம் அவ்வளவுதான் விடுகிறது. இங்கே ஒரு படப்பிடிப்பு நாள் எவ்வளவு நேரம் என்று நினைக்கிறீர்கள்? 2023 ஏப்ரலில் ஜப்பான் திரைத்துறையில் ஒரு சான்றிதழ் முறை வந்தது. ஒழுங்கான வேலைச் சூழலில் எடுத்த படம் என்று முத்திரை குத்துவார்கள். அதன்படி ஆயத்தம், சாப்பாடு, பேக்கப் எல்லாம் சேர்த்து ஒரு நாளைக்கு 13 மணி நேரத்தைத் தாண்டக் கூடாது. வாரத்தில் ஒரு நாளாவது படப்பிடிப்பு இல்லாமல் இருக்க வேண்டும். இதைப் பெரிய சீர்திருத்தம் என்று பேசினார்கள் என்றால், அதற்கு முன்பு எப்படி இருந்திருக்கும் என்று பார்த்துக்கொள்ளுங்கள். 28-ஐ 13-ஆல் வகுத்தால் இரண்டு நாளில் உங்கள் வாரக் கணக்கு தீர்ந்துபோகும். மூன்றாவது நாள் வராத அசிஸ்டன்டை எந்த யூனிட்டும் வைத்துக்கொள்ளாது.

ஆக, அந்த "சினிமா கம்பெனி வேலை" கடைசியில் ஏதாவது சூப்பர் மார்க்கெட் கல்லாவாகத்தான் இருக்கும். நான் பார்த்தது பெந்தோ தொழிற்சாலை. ராத்திரி 10 மணியிலிருந்து காலை 5 வரை, பெல்ட்டில் வரும் சோற்றுப் பெட்டி ஒவ்வொன்றின் நடுவிலும் ஓர் உப்புப் பிளம் வைக்க வேண்டும். நாள் ஒன்றுக்கு ஏழு மணி நேரம், வாரம் நாலு நாள், கணக்கு சரியாக 28. அதில் அவமானம் எதுவும் இல்லை, அந்தக் காசில்தான் படித்தேன். அதைச் சினிமா வேலை என்று சொல்லி உங்கள் அம்மாவின் நகையை வாங்குவது மட்டும் தப்பு. அந்த ஆளுக்கு ஒரு கும்பிடு போட்டுவிட்டு வந்துவிடுங்கள்.

இனி செட்டுக்குப் போவோம். இங்கே கேமரா டிபார்ட்மென்டுக்கு 'சட்ஸுஎய்-பு' என்று பெயர். ஒளிப்பதிவாளரை 'கிஷி' என்பார்கள், வினைஞர் என்று பொருள் வரும். டைட்டிலில் 'சட்ஸுஎய் கந்தோகு' என்று போட்டுக்கொண்டாலும் செட்டில் பெரும்பாலும் வெறும் 'கேமராமான்'தான். பெரும்பாலும் அவரே கேமராவை இயக்குவார். அவருக்குக் கீழே சீஃப், செகண்ட், தேர்ட், பெரிய படம் என்றால் ஃபோர்த். சீஃபின் கையில் மீட்டர் இருக்கும். வெளிச்சத்தை அளந்து ஸ்டாப், அதாவது லென்ஸ் எவ்வளவு திறக்க வேண்டும் என்று சொல்வது பரம்பரையாக அவர் வேலை. டிஜிட்டல் வந்து மீட்டரின் கௌரவம் கொஞ்சம் குறைந்தாலும் சீஃபின் கௌரவம் குறையவில்லை. செகண்ட் ஃபோகஸ் பார்ப்பார். லென்ஸ், ஃபில்டர், பேட்டரி, மானிட்டர் கேபிள், மழை வந்தால் கேமராவுக்குக் குடை, இதெல்லாம் தேர்டின் தலையில். கிளாப் அடிப்பது மட்டும் உதவி இயக்குநர்.

இதில் வெளியாட்களுக்குத் தெரியாத ஒரு விஷயம் உண்டு. ஒளிப்பதிவாளர் கூப்பிடுவது சீஃபை மட்டும்தான். செகண்டையும் தேர்டையும் சீஃப்தான் போன் போட்டுக் கூப்பிடுவார். அதனால் பெரிய ஒளிப்பதிவாளர்களுக்கு ஷோரீல் அனுப்பிக்கொண்டிருப்பதில் பிரயோஜனம் இல்லை. தேர்டின் ஷோரீலை யாரும் பார்ப்பதும் இல்லை. "இவள் நேரத்துக்கு வருவாளா, சொன்னது புரியுமா, லென்ஸைக் கீழே போடமாட்டாளே?" என்று இன்னொரு செகண்டிடம் விசாரிப்பார்கள். அதோடு சரி.

சொன்னது புரியுமா என்பதுதான் விஷயம். தேர்டாகப் போன முதல் மாதம் எனக்கு நடந்ததைக் கேளுங்கள். ஜனவரி, காலை ஆறரை, தமா ஆற்றங்கரை. விரல் மரத்துப் போய் பேட்டரி மாற்றிக்கொண்டிருந்தேன். சீஃப் வியூஃபைண்டரிலிருந்து கண்ணை எடுக்காமல் கத்தினார்: "அந்த நாற்காலி, வரத்தே!" மொழிப் பரீட்சை எல்லாம் பாஸ் பண்ணியவன் அல்லவா நான்? 'வரத்தே' என்றால் 'சிரி'. நாற்காலியைப் பார்த்துச் சிரித்தேன். பல் தெரிய, நிஜமாகவே. பதினைந்து பேர் என்னைப் பார்த்தார்கள். செகண்ட் ஓடி வந்து நாற்காலியைத் தூக்கி ஃபிரேமுக்கு வெளியே வைத்தான். செட் பாஷையில் ஒரு பொருளைச் 'சிரிக்க வைப்பது' என்றால் அப்புறப்படுத்துவது. அந்தப் படம் முடிகிற வரைக்கும் எனக்கு 'நாற்காலி' என்றுதான் பெயர்.

இந்த மாதிரி ஒரு தனி அகராதியே இருக்கிறது. நடிகர் நிற்கிற இடத்துக்கு டேப் ஒட்டுவது 'பமிரு'. ஃபோகஸ் 'பின்'. ராத்திரி 12 மணிக்குப் பெயர் 'தெப்பென்', உச்சி. நேரம் இழுத்தால் 'தள்ளுகிறது' என்பார்கள், சீக்கிரம் முடிந்தால் 'சுருட்டுகிறது'. உயரம் கூட்ட அடியில் போடுகிற மரப்பெட்டி, நம் ஆப்பிள் பாக்ஸ், இங்கே 'ஹகோஉமா', பெட்டிக் குதிரை. பலகை அளவெல்லாம் இன்னும் 'ஷாகு' கணக்கில்தான், ஒரு ஷாகு ஏறத்தாழ 30 சென்டிமீட்டர். உங்கள் தெர்மோகோலுக்குப் பெயர் 'கபோக்கு'. ராத்திரி 8 மணிக்கு ஷூட்டிங் என்றாலும் உள்ளே நுழையும்போது 'ஒஹாயோ கொஸாய்மஸ்' என்று காலை வணக்கம்தான் சொல்ல வேண்டும். இதெல்லாம் எந்தப் பாடப்புத்தகத்திலும் கிடையாது. ஆனால் பாடப்புத்தக ஜப்பானியம் சரளமாகக் காதில் விழாதவருக்கு இதைப் பிடிக்கவும் வராது.

வேலை நடக்கிற விதமும் காதை நம்பித்தான். முதலில் 'தந்தோரி'. இயக்குநரும் நடிகர்களும் காட்சியை ஒரு தடவை நடத்திப் பார்ப்பார்கள், மொத்த யூனிட்டும் சுற்றி நின்று பார்க்கும். அது முடிந்ததும் இயக்குநர் ஷாட் பிரிப்பதைச் சொல்லிக்கொண்டே போவார். எல்லோரும் ஸ்கிரிப்டில் கோடு இழுத்துக்கொள்வார்கள். சொன்னதை மறுபடி சொல்கிற வழக்கம் இல்லை. எந்த லென்ஸ் முதலில், கேமரா எந்தப் பக்கம் திரும்பும், அதனால் லென்ஸ் பெட்டியை எங்கே வைக்கக் கூடாது, எல்லாமே அந்த ஐந்து நிமிஷத்தில் தேர்டின் மண்டையில் ஏறியிருக்க வேண்டும். அப்புறம் ஒரு டெஸ்ட், உடனே 'ஹொன்பன்', அதாவது டேக். கேமராமான் "50" என்று சொல்லி வாயை மூடுவதற்குள் லென்ஸ் அவர் கைக்குப் போகவேண்டும். நல்ல தேர்ட் என்றால் சொல்வதற்கு முன்பே போயிருக்கும்.

அடுத்தது லைட். சென்னையிலிருந்து வருகிறவர்கள் விழுகிற இடம் இதுதான், நானும் விழுந்தேன். நம் ஊரில் ஒளிப்பதிவாளர் நேராக லைட்மேனைப் பார்த்து "அண்ணே, அதை ரெண்டடி தள்ளுங்க, ஒரு பட்டர் பேப்பர் போடுங்க" என்பார். இங்கே லைட்டுக்குத் தனி டிபார்ட்மென்ட், 'ஷோமெய்-பு'. அதற்குத் தனி கிஷி. ஒளிப்பதிவாளருக்கு அவர் கீழ்ப்பட்டவர் இல்லை, பக்கத்து நாற்காலிக்காரர். ஜப்பான் அகாடமி விருதில் ஒளிப்பதிவுக்கு ஒரு பரிசு, ஒளியமைப்புக்கு இன்னொரு பரிசு என்று தனித்தனியாகவே கொடுக்கிறார்கள்.

நான் ஒளிப்பதிவாளராகச் செய்த முதல் வேலை ஒரு சின்ன இணையத் தொடர். நாலரைத் தத்தாமி அறை. பாய்க் கணக்கில் நாலரை பாய் விரிக்கிற அளவு, அதாவது பக்கத்துக்கு ஒன்பது அடி. ஆள் நின்றால் ஸ்டாண்டுக்கு இடமில்லை, ஸ்டாண்டு நின்றால் ஆளுக்கு இடமில்லை. பழக்க தோஷத்தில் லைட் அசிஸ்டன்டைப் பார்த்து "அதை இடது பக்கம் ரெண்டடி" என்றேன். பையன் அசையவில்லை. என்னைப் பார்த்தான், அப்புறம் மூலையில் நின்ற லைட் கிஷியைப் பார்த்தான். அறுபது வயது மனிதர், ஒன்றும் பேசவில்லை. தலையை ஆட்டினார், பையன் தள்ளி வைத்தான். அன்றைக்கு எடுத்தது எல்லாம் மந்தமாகவே இருந்தது.

பேக்கப் முடிந்து வண்டி நிறுத்துமிடத்தில் டப்பா காபி ஒன்றை என் கையில் வைத்துவிட்டுச் சொன்னார்: "எங்கே வைக்கவேண்டும் என்று சொல்லாதே. அந்தப் பெண் எத்தனை மணிக்கு எழுந்தாள் என்று சொல்." மறுநாள் சொன்னேன்: "அவள் தூங்கவே இல்லை. இப்போது மணி ஐந்தரை." நாற்பது நிமிஷம் எடுத்துக்கொண்டார். உள்ளே இருந்த எல்லா விளக்கையும் அணைத்தார். பால்கனிக் கண்ணாடிக்கு வெளியே டிரேசிங் பேப்பர் ஒட்டி, தூரத்தில் ஒரே ஒரு விளக்கைத் தாழ்வாக வைத்தார். கபோக்கின் கறுப்புப் பக்கத்தைச் சுவரோரம் நிறுத்தி அங்கே சேர்ந்த வெளிச்சத்தைத் தின்ன வைத்தார். அந்த நடிகை உட்கார்ந்ததும் கன்னத்தில் பாதி மட்டும் நீலமாகத் தெரிந்தது. நான் எதுவும் செய்யவில்லை, கேமராவை வைத்தேன். இன்றைக்கும் அவரைத்தான் கூப்பிடுகிறேன்.

இது புதுப் பழக்கமும் இல்லை. 'ராஷோமோன்' (1950) படத்தில் காட்டுக்குள் இலை வழியாக வெயில் அடிப்பதைப் பார்த்துத்தானே நாமெல்லாம் மயங்கினோம்? ஒளிப்பதிவு கஸுவோ மியாகவா. ஒளியமைப்பு கென்இச்சி ஒகமோத்தோ. அடர்ந்த காட்டில் வெளிச்சம் போதாமல், பெரிய கண்ணாடிகளை வைத்து வெயிலைத் திருப்பி நடிகர்கள் முகத்தில் அடித்தார்கள். கேமராவை நேராகச் சூரியனைப் பார்த்துத் திருப்பினார்கள், அப்போது அதெல்லாம் செய்யக் கூடாத காரியம். அந்தக் கண்ணாடிக்கும் உங்கள் தறிக்கூடத் தெர்மோகோலுக்கும் வித்தியாசம் கொஞ்சம்தான்.

மியாகவாவைப் பற்றி இன்னொன்றும் சொல்ல வேண்டும், உங்கள் கேள்விக்கு அது நேராகச் சம்பந்தப்பட்டது. கியோத்தோக்காரர், 1908-ல் பிறந்தவர், சின்ன வயதிலேயே மை ஓவியம் பழகியவர். 1926-ல் நிக்கட்ஸு ஸ்டுடியோவில் சேர்ந்தபோது அவருக்குக் கேமரா கொடுக்கவில்லை, ஃபிலிம் கழுவுகிற லேபில் போட்டார்கள். அப்புறம் கேமரா உதவியாளர். 1935-ல்தான் தனியாக ஒளிப்பதிவாளர். ஒன்பது வருஷம். வீணாகப் போயிற்றா? 1960-ல் கோன் இச்சிகாவாவின் 'ஒதோதோ' படத்துக்கு, தைஷோ காலத்து (1912-26) கதை என்பதால், கலர் பளிச்சென்று இருக்கக் கூடாது என்றார்கள். கலர் ஃபிலிம் கழுவும்போது அதில் இருக்கிற வெள்ளியை நீக்கிவிடுவது வழக்கம். நீக்காமல் விட்டால் கறுப்பு கனக்கும், நிறம் வெளுக்கும். 'கின்-நொகோஷி', வெள்ளி எச்சம் என்று அதற்குப் பெயர் வைத்தார்கள். உலகம் முழுக்கப் பின்னால் அந்த வழியில் போனது. லேபில் கை நனைத்த ஆளுக்குத்தான் அது தோன்றும்.

இயக்குநர் ஓஸுவின் கேமராமான் யூஹாரு அட்சுத்தாவும் அப்படித்தான். இன்னொருவரிடம் வருஷக் கணக்கில் உதவியாளராக இருந்து, 1937 வாக்கில்தான் ஓஸு படத்துக்கு ஒளிப்பதிவாளர் ஆனார். விம் வெண்டர்ஸ் 1985-ல் எடுத்த ஆவணப்படத்தில் வயதான அட்சுத்தா தரையோடு தரையாக உட்கார்ந்து, கேமராவை எவ்வளவு தாழ்வாக வைப்பார்கள் என்று செய்தே காட்டுவார். கிடைத்தால் அந்தப் பகுதியை மட்டுமாவது பாருங்கள்.

ஆனால் அந்தக் காலத்தில் ஸ்டுடியோ மாதச் சம்பளம் கொடுத்து ஆட்களை வளர்த்தது. மியாகவா வேலை பார்த்த தையெய் ஸ்டுடியோ 1971-ல் திவாலானது. மற்ற ஸ்டுடியோக்களும் ஆள் எடுப்பதைச் சுருக்கிக்கொண்டன. இன்றைக்குக் கேமரா ஆட்கள் பெரும்பாலும் ஃப்ரீலான்ஸ். ஏணி அதே ஏணிதான், பிடித்துக்கொள்ளத்தான் யாரும் இல்லை. உங்களை மாதிரி வெளிநாட்டுக்காரருக்கு இதில் ஒரு சிக்கல் கூடுதல்: விசாவுக்கு ஒரு நிறுவனத்தோடு ஒப்பந்தம் வேண்டும். படத்துக்குப் படம் மாறுகிற ஆளுக்கு யார் ஒப்பந்தம் தருவார்கள்? அதனால் நான் முதலில் டிவிக்கும் விளம்பரத்துக்கும் கேமராவும் ஆளும் அனுப்புகிற ஒரு தொழில்நுட்பக் கம்பெனியில் மாதச் சம்பளத்துக்குச் சேர்ந்தேன். வெறுத்துக்கொண்டேதான் சேர்ந்தேன். பேட்டி எடுக்கிறது, கம்பெனித் தலைவர் பேசுகிறது, ஷாம்பூ நுரை. நிரந்தர வசிப்புரிமை வந்த பிறகுதான் ஃப்ரீலான்ஸ் ஆனேன், அதற்குப் பத்து வருஷத்துக்கு மேல் பிடித்தது. இதை நான் அழகாக்கிச் சொல்ல விரும்பவில்லை. உங்களுக்கு 27. இன்றே கிளம்பினாலும் இங்கே தேர்டாக நிற்கும்போது 30 ஆகியிருக்கும், உங்களை விரட்டுகிற செகண்டுக்கு 24 இருக்கும். சென்னையில் அசோசியேட் என்று போர்டு மாட்டியவர் மறுபடியும் மூன்றாவது ஆளாக நின்று, சின்னப் பையனிடம் "ஹாய்!" (ஜப்பானியத்தில் 'சரி') என்று குரல் கொடுத்து ஓட முடியுமா? இதை மட்டும் நகைக் கடனுக்கு முன்னால் யோசியுங்கள். முடியாது என்றால் அது ஒரு குறையே இல்லை. சென்னையிலேயே சீக்கிரம் ஒளிப்பதிவாளர் ஆகிவிடுவீர்கள்.

எல்லோரும் இந்த ஏணியில்தான் ஏறினார்களா என்றால், இல்லை. மிகியா தகிமோத்தோ விளம்பரப் புகைப்படக்காரர். இயக்குநர் கொரே-எடா அவரைக் கூப்பிட்டு 2013-ல் 'லைக் ஃபாதர், லைக் சன்' எடுத்தார். அதற்கு முன் கொரே-எடாவின் பல படங்களுக்குக் கேமரா பிடித்த யூதகா யமஸகி ஆவணப்படத்தில் ஊறியவர். 'ஷாப்லிஃப்டர்ஸ்' (2018) படத்தை 35 மி.மீ. ஃபிலிமில் எடுத்த ரியூதோ கொந்தோ ஒசாகா கலைப் பல்கலைக்கழகத்தில் படித்தவர். கூர்ந்து பார்த்தால் இந்தக் கதைகளில் ஒரு இயக்குநர் இருக்கிறார். வேர் பிடித்த ஒரு இயக்குநர் கூப்பிட்டார், அல்லது கூடப் படித்தவன் இயக்குநர் ஆனான். 2023-ல் வந்த 'பெர்ஃபெக்ட் டேஸ்' படத்தின் ஒளிப்பதிவாளர் ஃபிரான்ஸ் லுஸ்டிக்கும் வெண்டர்ஸோடு வந்தவர்தான். அவர் விருந்தாளி, படம் முடிந்ததும் ஊருக்குப் போய்விடுவார். நீங்கள் கேட்பது குடியிருப்பு. ஆகவே பெரிய ஒளிப்பதிவாளரைத் தேடாதீர்கள், உங்கள் வயது இயக்குநர்களைத் தேடுங்கள்.

அவர்கள் எங்கே இருப்பார்கள்? பள்ளிக்கூடத்தில். கவாசாகியில் ஜப்பான் திரைப்படப் பல்கலைக்கழகம் இருக்கிறது, இயக்குநர் ஷோஹெய் இமாமுரா 1975-ல் தொடங்கிய பள்ளி வளர்ந்து 2011-ல் பல்கலைக்கழகம் ஆனது. யோகோஹாமாவில் டோக்கியோ கலைப் பல்கலைக்கழகத்தின் திரைப்பட முதுகலைப் பிரிவு இருக்கிறது. இயக்குநர் ஹமகுச்சி ரியூசுகே படித்த இடம் அது. அங்கே ஒளிப்பதிவையும் ஒளியமைப்பையும் சேர்த்தே ஒரு துறையாக வைத்திருக்கிறார்கள். உங்களிடம் டிகிரி இருப்பதால் இந்த இரண்டாவது பொருந்தும். நுழைவுத் தேர்வு ஜப்பானியத்தில்தான். ஜப்பான் அரசின் 'மெக்ஸ்ட்' உதவித்தொகைக்கு ஆராய்ச்சி மாணவர் பிரிவில் 35 வயதுக்குள் இருப்பவர்கள் விண்ணப்பிக்கலாம். அறிவிப்பு இந்தியாவிலுள்ள ஜப்பான் தூதரகம் வழியாக வருஷா வருஷம் வரும். கிடைத்தால் கட்டணமும் மாதச் செலவும் அவர்கள் பொறுப்பு. அம்மா நகை பெட்டியிலேயே இருக்கும். போட்டி கடுமை, ஒரே தடவையில் கிடைக்கும் என்று நினைக்காதீர்கள்.

இதற்கெல்லாம் முதல் படி மொழி. அதற்கு டோக்கியோ வரத் தேவையில்லை. சென்னையில் ஏபிகே-ஏஓடிஎஸ் தோசோகாய் போன்ற இடங்களில் பல வருஷமாகச் சொல்லித்தருகிறார்கள். ஜே.எல்.பி.டி. என்கிற ஜப்பானிய மொழித் தேர்வும் சென்னையிலேயே ஜூலையிலும் டிசம்பரிலும் நடக்கிறது. அதில் மேலிருந்து இரண்டாவதான என்-2 நிலையைத் தாண்டிய பிறகு என்னிடம் மறுபடி பேசுங்கள். சீரியல் வேலையை விடாமல் படித்தால் இரண்டு, இரண்டரை வருஷம் ஆகும். எழுத்தை விடக் கேட்பதில் கவனம் வையுங்கள். சப்டைட்டிலை மறைத்துவிட்டு, அதிகம் பேசுகிற டிவி நாடகமாகப் பாருங்கள், அழகான படங்கள் வேண்டாம். அழகான படங்களில் யாரும் பேசுவதில்லை.

என்-2 கையில் இருந்தால் இன்னொரு கதவும் கொஞ்சம் திறக்கிறது. வெளிநாட்டுத் தயாரிப்புகள் ஜப்பானில் எடுக்க வருவது கூடியிருக்கிறது. அரசும் அதற்கு ஊக்கத்தொகை கொடுக்கிறது. அந்த யூனிட்டுகளில் ஆங்கிலமும் ஜப்பானியமும் தெரிந்த கேமரா அசிஸ்டன்டுக்கு எப்போதுமே பஞ்சம்.

சின்னதாக ஒரு பரீட்சை வைக்கிறேன். டோக்கியோவில் இரண்டு நாள், கியோத்தோவில் ஒரு நாள் ஷூட்டிங். சாதாரண டியூப்லைட் கடைக்குள் எடுக்கிறீர்கள். ஷட்டர் என்ன வைப்பீர்கள்? ஜப்பானில் கிழக்குப் பக்கம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், மேற்கே 60. ஃபுஜி ஆற்றுப் பக்கம் கோடு மாறுகிறது. நொடிக்கு 24 ஃபிரேம் என்றால், டோக்கியோவில் நம் ஊர் மாதிரியே ஷட்டர் கோணத்தை 172.8 டிகிரி வைத்தால் போதும். அதே செட்டிங்கோடு புல்லட் ரயில் ஏறி கியோத்தோவில் இறங்கினால் டியூப்லைட் துடிக்கும், அங்கே 144-க்குப் போக வேண்டும். எல்இடி வந்துவிட்டதே என்பீர்கள். பழைய ரயில் நிலையத்துக்கும் குளியல் கூடத்துக்கும் போய்ப் பாருங்கள். இதைக் கேட்காமலே மாற்றி வைக்கிற தேர்டை அடுத்த படத்துக்கும் சீஃப் கூப்பிடுவார்.

அம்மாவின் கேள்விக்கு வருகிறேன். தூக்குவார்கள். அகிகோ அஷிஸவா என்று தேடிக் காட்டுங்கள். 1951-ல் பிறந்தவர். பெண் ஒளிப்பதிவாளர் என்றால் அதிசயமாகப் பார்த்த காலத்தில், குறைந்த செலவுப் படங்களிலும் விளம்பரப் படங்களிலும் ஏறி வந்தவர். கியோஷி குரோசவாவின் 'டோக்கியோ சொனாட்டா' (2008) அவர் எடுத்தது. அந்தச் சாப்பாட்டு மேஜைக் காட்சிகளில் வெளிச்சம் எங்கிருந்து வருகிறது என்று பாருங்கள். இன்றைக்கு நான் போகிற செட்டுகளில் செகண்ட், தேர்ட் இடத்தில் பெண்கள் சகஜம். கிஷி இடத்தில் இன்னும் குறைவுதான். 2022-ல் ஜப்பான் சினிமாவில் பாலியல் தொல்லைப் புகார்கள் வரிசையாக வெளியே வந்தன. அதற்குப் பிறகு படப்பிடிப்பு தொடங்குவதற்கு முன்பே எல்லோரையும் உட்கார வைத்து நடத்தை வகுப்பு எடுக்கிற தயாரிப்புகள் வந்திருக்கின்றன. எல்லா இடத்திலும் இல்லை. எனவே எந்த யூனிட்டுக்குப் போனாலும் அங்கே ஏற்கெனவே வேலை பார்த்த ஒரு பெண்ணிடம் கேட்டுவிட்டுப் போங்கள். இது டோக்கியோவுக்கும் கோடம்பாக்கத்துக்கும் பொது. அம்மாவிடம் இந்த ஒரு வரியை மட்டும் சொல்ல வேண்டாம்.

கடைசியாகக் கேமரா வாங்குவது பற்றிக் கேட்டிருந்தீர்கள். வாங்காதீர்கள். இங்கே எல்லாமே வாடகைதான், தேர்டின் சொந்தக் கேமராவை யாரும் கேட்பதில்லை. இடுப்பில் கட்ட ஒரு நல்ல பை, நாலு கலரில் டேப், லென்ஸ் துடைக்கத் துணி, சின்ன டார்ச், மழைக்கோட்டு. வீட்டுக்குள் எடுக்கும்போது செருப்பைக் கழற்றி, தரையிலும் சுவரிலும் விரிப்பு ஒட்டிவிட்டுத்தான் பெட்டியை உள்ளே கொண்டுபோவார்கள். அதனால் ஒரு நாளைக்கு இருபது முப்பது தடவை கழற்றி மாட்ட வேண்டியிருக்கும். லேஸ் இல்லாத ஷூவாக வாங்கிக்கொள்ளுங்கள். ஓட்டை இல்லாத சாக்ஸும் வேண்டும், இதையும் அனுபவத்தில்தான் சொல்கிறேன்.